கரை மாறுவது எப்படி?

புதிதாக ஜெயித்த சட்டமன்ற உறுப்பினர்களுக்கு ஒரு கையேடு

வாழ்த்துகள் அண்ணே, ஜெயித்துவிட்டீர்கள். வாசலில் போட்ட பந்தலை இன்னும் பிரிக்கவில்லை, அதற்குள் இந்தப் பேச்சா என்று முகம் சுளிக்கக் கூடாது. தாலி கட்டிய அன்றைக்கே ஜீவனாம்சம் பற்றிப் பேசுவதுபோலத்தான் இருக்கும். ஆனால் பேசிவைத்துக்கொள்வது நல்லது. ஐந்து வருடம் என்பது சின்னக் காலமா? நம் வீட்டுக் கூரை எப்போது ஒழுகும், பக்கத்து வீட்டில் எப்போது பிரியாணி வாசம் அடிக்கும் என்று யாருக்குத் தெரியும்?

நம் ஊரில் கார் ஓட்டக் கற்றுத்தர ஆள் இருக்கிறது. மேடையில் பேசக் கற்றுத்தர ஆள் இருக்கிறது. கட்சி மாறக் கற்றுத்தரத்தான் ஆள் இல்லை. அதனால்தான் பலர் அரைகுறையாகத் தாவி இடுப்பை ஒடித்துக்கொண்டு, இடைத்தேர்தலில் டெபாசிட்டையும் விட்டுவிட்டு வந்து நிற்கிறார்கள். அந்தக் குறையைப் போக்கவே இதை எழுதுகிறேன். நான் எந்தக் கட்சியிலும் இருந்ததில்லை. குளத்தில் இறங்காதவன்தான் கரையில் நின்று நீச்சல் சொல்லித் தருவான், அது ஊர் வழக்கம்.

முதலில் குலதெய்வத்தைக் கும்பிடுங்கள்

எந்தத் தொழிலுக்கும் ஒரு மூலவர் உண்டு. இந்தத் தொழிலின் மூலவர் ஹரியானாக்காரர். பெயர் கயா லால்.

1966 நவம்பர் 1-ஆம் தேதி பிறந்த மாநிலம் அது. தனி மாநிலமான பிறகு நடந்த முதல் தேர்தல் 1967-இல். மொத்தம் 81 இடங்களில் காங்கிரசுக்கு 48. பகவத் தயாள் சர்மா முதலமைச்சராகப் பொறுப்பேற்றார். பொறுப்பேற்ற மார்ச் மாதம்கூட முழுதாகத் தாண்டவில்லை, ஆட்சி போய்விட்டது. சொந்தக் கட்சிக்காரர்களே எதிர்ப்பக்கம் போய் உட்கார்ந்தார்கள். ராவ் பிரேந்தர் சிங் ஐக்கிய முன்னணியின் முதலமைச்சரானார். இந்த இழுபறியின் நடுவேதான் ஹசன்பூரில் சுயேச்சையாக ஜெயித்து காங்கிரசில் சேர்ந்த கயா லால் வரலாற்றுக்குள் நுழைகிறார். காங்கிரசிலிருந்து முன்னணிக்குப் போனார், முன்னணியிலிருந்து காங்கிரசுக்குத் திரும்பினார், திரும்பிய ஒன்பது மணி நேரத்தில் மறுபடி முன்னணிக்கே போனார். எல்லாம் இரண்டு வாரத்துக்குள். கூட்டிக்கொண்டு வந்த ராவ் பிரேந்தர் சிங் சண்டிகரில் பத்திரிகையாளர்கள் முன் அவரை நிறுத்தி, போன ராம் வந்த ராம் ஆகிவிட்டார் என்ற பொருளில் ஒரு வார்த்தை சொன்னார். 'ஆயாராம் கயாராம்' என்று இந்தியா முழுக்க அது நிலைத்துவிட்டது. கயா என்றால் இந்தியில் 'போனார்'. பெயரிலேயே தொழில் இருந்திருக்கிறது.

இதெல்லாம் வடக்கத்தி வியாதி என்று தோளைக் குலுக்காதீர்கள். 1952-இல் சென்னை மாநிலச் சட்டமன்றத்தில் 375 இடங்கள், காங்கிரசுக்குக் கிடைத்தவை 152. பெரும்பான்மை இல்லை. காங்கிரசை எதிர்த்து நின்று ஆறு இடம் ஜெயித்த காமன்வீல் கட்சியின் மாணிக்கவேலு நாயக்கர் ராஜாஜி அமைச்சரவையில் அமைச்சரானார். 19 இடம் ஜெயித்த உழைப்பாளர் கட்சியின் ராமசாமி படையாட்சியார் 1954-இல் காமராஜர் அமைச்சரவைக்கு வந்தார். கயா லால் ராம் ஆவதற்கு 15 வருடம் முன்பே நம் வீட்டு அடுப்பில் இந்தச் சாம்பார் கொதித்திருக்கிறது.

வருமானம் எப்படி என்று கேட்பீர்கள், நியாயமான கேள்வி. 1967-க்குப் பிறகு நிலைமை கைமீறிப் போனதால் ஒய்.பி. சவான் தலைமையில் ஒரு குழு போட்டார்கள். அந்தக் குழு எண்ணிப் பார்த்தது. முதல் பொதுத்தேர்தலிலிருந்து நான்காவது வரை நடந்த தாவல்கள் சுமார் 542. நான்காவது தேர்தலுக்குப் பிறகு ஒரே வருடத்தில் 438. பல மாநிலங்களில் தாவிய 210 பேரை எடுத்துப் பார்த்தபோது, அவர்களில் 116 பேர் தாங்களே உண்டாக்கிய அரசுகளில் அமைச்சராக இருந்தார்கள். பாதிக்கு மேல்! எந்த இன்ஜினியரிங் கல்லூரியும் கேம்பஸ் இன்டர்வியூவில் இப்படி ஒரு கணக்கைக் காட்டியதில்லை.

தனியாகப் போகாதீர்கள்

இந்தக் கையேட்டில் ஒரே ஒரு பாடத்தைத்தான் மனப்பாடம் செய்ய முடியும் என்றால் இதைச் செய்யுங்கள்.

1985-இல் ராஜீவ் காந்தி காலத்தில் அரசியலமைப்பின் 52-ஆவது திருத்தம் வந்தது. கூடவே பத்தாவது அட்டவணை, அதாவது கட்சித் தாவல் தடைச் சட்டம். எந்தக் கட்சியின் சின்னத்தில் ஜெயித்தீர்களோ அதைவிட்டு நீங்களாக விலகினால் பதவி போச்சு. கொறடா உத்தரவை மீறி ஓட்டுப் போட்டாலோ, போடாமல் டீ குடிக்கப் போய்விட்டாலோ, பதினைந்து நாளுக்குள் கட்சி மன்னிக்காவிட்டால் அப்போதும் போச்சு. சுயேச்சையாக ஜெயித்தவர் எந்தக் கட்சியிலும் சேரவே கூடாது. நம் குலதெய்வம் இன்றைக்கு இருந்தால் முதல் தாவலிலேயே பதவியிழந்து ஊருக்குப் போயிருப்பார். மூலவரே தேறாத பரீட்சையைத்தான் நீங்கள் எழுதப்போகிறீர்கள் என்பது நினைவிருக்கட்டும்.

ஆனால் சட்டம் எழுதியவர்களும் நம்மவர்கள்தானே. கதவைப் பூட்டியபோதே ஜன்னலைத் திறந்து வைத்தார்கள். மூன்றில் ஒரு பங்கு உறுப்பினர்கள் சேர்ந்து பிரிந்தால் அது தாவல் அல்ல, 'பிளவு'. அந்த ஜன்னல் வழியாக ஊரே ஏறிக் குதித்ததால் 2003-இல் 91-ஆவது திருத்தத்தில் அதை அடைத்தார்கள். இன்னொரு ஜன்னலை அடைக்கவில்லை. மூன்றில் இரண்டு பங்கு பேர் ஒப்புக்கொண்டால் அது 'இணைப்பு'. சில்லறை வியாபாரம் குற்றம், மொத்த வியாபாரத்துக்கு உரிமம் உண்டு என்று புரிந்துகொண்டால் போதும், வக்கீல் ஃபீஸ் மிச்சம்.

எனவே தாவும் ஆசை வந்தால் முதலில் எடுக்க வேண்டியது கால்குலேட்டர். கோவாவைப் பாருங்கள். 2019 ஜூலையில் அங்கே காங்கிரசுக்கு 15 எம்.எல்.ஏ.க்கள். மூன்றில் இரண்டு பங்கு பத்து. பா.ஜ.க.வுக்குப் போனவர்கள் பத்து. 2022 செப்டம்பரில் 11 எம்.எல்.ஏ.க்கள். மூன்றில் இரண்டு பங்கு ஏழு சொச்சம், ஆளைப் பிய்க்க முடியாது என்பதால் எட்டு. போனவர்கள் எட்டு. தெலங்கானாவில் 2018 தேர்தலில் காங்கிரஸ் 19 இடம் ஜெயித்தது. ஒருவர் எம்.பி. ஆகிப் பதவி விலகினார், 18. 2019 ஜூனில் டி.ஆர்.எஸ்.ஸில் சங்கமமானவர்கள் 12. ஒருவர் குறைவில்லை, ஒருவர் கூடுதல் இல்லை. பின்னத்தை இத்தனை சுத்தமாகப் போட்டவர்களைப் பள்ளிக்கூடத்தில் எந்தக் கணக்கு வாத்தியாரும் திட்டியிருக்க மாட்டார்.

இந்தக் கலையின் உச்சம் அருணாசலப் பிரதேசம். 2016 ஜூலையில் பெமா காண்டு காங்கிரஸ் முதலமைச்சரானார். செப்டம்பரில் 44 காங்கிரஸ் உறுப்பினர்களில் 43 பேர் அவரோடு அருணாசல மக்கள் கட்சிக்குப் போனார்கள். மிச்சம் இருந்தவர் முன்னாள் முதலமைச்சர் நபாம் துகி ஒருவர்தான். டிசம்பர் கடைசி நாள், ஊரெல்லாம் புத்தாண்டு கேக் வெட்டத் தயாராகும்போது, காண்டு தன்னையும் சேர்த்து 33 பேரோடு பா.ஜ.க.வுக்குப் போனார். ஆறு மாதத்துக்குள் கட்சி மூன்று, நாற்காலி ஒன்று. அவர் எங்கேயும் போகவில்லை என்றும் சொல்லலாம். உட்கார்ந்த இடத்தில் உட்கார்ந்திருந்தார், பின்னால் இருந்த பேனரைத்தான் மாற்றிக்கொண்டே இருந்தார்கள். 2024 தேர்தலில் அவர் தொகுதியில் அவரை எதிர்த்து நிற்க ஆளே இல்லை.

சிக்கிமில் 2019 தேர்தலில் பா.ஜ.க. ஓரிடம்கூட ஜெயிக்கவில்லை. ஆகஸ்டில் சிக்கிம் ஜனநாயக முன்னணியின் பத்துப் பேர் அங்கே போய்ச் சேர்ந்ததும் அதுவே பிரதான எதிர்க்கட்சி. மாவே இல்லாமல் தோசை சுட்ட கதை இதுதான்.

திசை பார்த்துத் தாவுங்கள்

உங்களைத் தகுதி நீக்கம் செய்யும் அதிகாரம் சபாநாயகருக்கு. அவர் எந்தக் கட்சி சார்பில் அந்த நாற்காலிக்கு வந்தவர் என்பது ஊருக்கே தெரியும். சட்டம் மட்டும் அதைத் தெரியாததுபோல இருக்கும். சபாநாயகர் முடிவைக் கோர்ட்டு பார்க்கலாம் என்று 1992-இல் கிஹோட்டோ ஹொல்லோஹன் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது. ஆனால் அவர் முடிவெடுத்தால்தானே பார்ப்பதற்கு? எத்தனை நாளில் முடிவு சொல்ல வேண்டும் என்று அட்டவணையில் ஒரு வரிகூட இல்லை.

இந்த இடத்தில்தான் வாஸ்து முக்கியம். ஆளுங்கட்சியிலிருந்து வெளியே தாவினால் உங்கள் ஃபைல் வந்தே பாரத்தில் போகும். வெளியிலிருந்து ஆளுங்கட்சிக்குள் தாவினால் பாசஞ்சர், அதுவும் ஒவ்வொரு கிராசிங்கிலும் நிற்கிற பாசஞ்சர்.

இமாசலப் பிரதேசம், 2024 பிப்ரவரி 27. மாநிலங்களவைத் தேர்தலில் ஆளும் காங்கிரசின் ஆறு பேர் பா.ஜ.க. வேட்பாளருக்கு ஓட்டுப் போட்டார்கள். 34-க்கு 34 என்று சமமாகி, குலுக்கல் சீட்டில் காங்கிரசின் அபிஷேக் சிங்வி தோற்றார். அந்த ஓட்டுக்காக அவர்கள் பதவி போகவில்லை. மாநிலங்களவைத் தேர்தல் ஓட்டுக்குக் கொறடா உத்தரவு செல்லாது. மறுநாள் பட்ஜெட் ஓட்டெடுப்புக்கு வராமல் இருந்தார்கள் பாருங்கள், அங்கேதான் சறுக்கினார்கள். 29-ஆம் தேதி ஆறு பேரும் தகுதி நீக்கம். இரண்டே நாள். இடைத்தேர்தலில் அந்த ஆறு இடங்களில் நான்கைக் காங்கிரஸ் திருப்பி எடுத்தது. பெரிய துரோகத்தைச் செய்துவிட்டு மறுநாள் சின்ன வேலைக்கு லீவு போட்ட கதை. லீவு போடாதீர்கள்.

இப்போது மணிப்பூருக்கு வாருங்கள். 2017-இல் ஆந்த்ரோ தொகுதியில் காங்கிரஸ் சின்னத்தில் ஜெயித்தவர் தௌனாவ்ஜம் ஷியாம்குமார். ஜெயித்த மாதமே பா.ஜ.க. அரசில் அமைச்சர். அவரைத் தகுதி நீக்கம் செய்யச் சொல்லி மனுக்கள் சபாநாயகர் மேசையில் குவிந்தன, அப்படியே கிடந்தன. மூன்று வருடம் கழித்து, 2020 மார்ச்சில், உச்ச நீதிமன்றமே பொறுமை இழந்து அவரை அமைச்சரவையிலிருந்து நீக்கி, சட்டசபைக்குள் நுழையவும் தடை போட்டது. மூன்று வருடம்! அமைச்சர் பங்களாவில் நட்ட கொய்யா காய்த்துப் பழுத்திருக்கும். 2022-இல் அவர் அதே ஆந்த்ரோவில் பா.ஜ.க. சின்னத்திலேயே ஜெயித்தார் என்பதையும் சொல்லிவிடுகிறேன். மனம் தளர்ந்துவிடக் கூடாது.

தெலங்கானாவில் தெலுங்கு தேசம் சார்பில் ஜெயித்த தலசானி ஸ்ரீநிவாஸ் யாதவ் 2014-இல் டி.ஆர்.எஸ். அரசில் அமைச்சரானார். ராஜினாமா கடிதம் கொடுத்தாயிற்று என்று பதில் வந்தது. அந்தக் கடிதம் ஏற்கப்படாமல் எங்கேயோ உறங்கிக்கொண்டே இருந்தது. பிறகு அதே மாநிலத்தில் தானம் நாகேந்தர் இன்னொரு படி ஏறினார். பி.ஆர்.எஸ். என்று பெயர் மாறிய டி.ஆர்.எஸ்.ஸின் எம்.எல்.ஏ.வாக இருந்துகொண்டே 2024 மக்களவைத் தேர்தலில் செகந்திராபாத்தில் காங்கிரஸ் வேட்பாளராக நின்றார். தோற்றார், அது வேறு விஷயம். ஒரே ஆள் ஒரே நேரத்தில் இரண்டு கட்சி. குவாண்டம் இயற்பியல் படித்தவர்கள் இதற்கு விளக்கம் சொல்லலாம்.

பேனாவைத் தொடாதீர்கள்

தமிழ்நாட்டு வாசகர்கள் இதை இரண்டு முறை படிக்கவும்.

2017 பிப்ரவரி 18. எடப்பாடி பழனிசாமி அரசு நம்பிக்கை வாக்கு கோருகிறது. ஆதரவாக 122, எதிராக 11. அந்த 11 பேரும் அ.தி.மு.க. சின்னத்தில் ஜெயித்தவர்கள், ஓ. பன்னீர்செல்வம் அணி. சொந்தக் கட்சி அரசுக்கு எதிராகச் சபையிலேயே ஓட்டுப் போட்டார்கள். அதே ஆண்டு ஆகஸ்ட் 22-இல் டி.டி.வி. தினகரன் அணியைச் சேர்ந்த 19 எம்.எல்.ஏ.க்கள் ஆளுநரைச் சந்தித்து, முதலமைச்சர் மீது நம்பிக்கை இல்லை என்று கடிதம் கொடுத்தார்கள். ஒருவர் திரும்பிப் போய்ப் பிழைத்துக்கொண்டார். மற்றவர்கள் சபையில் எதிர்த்து ஓட்டுப் போடவில்லை, வேறு கட்சியில் சேரவில்லை, கட்சி எங்களுடையதுதான், முதலமைச்சரை மட்டும் மாற்றுங்கள் என்றார்கள்.

யாருக்குப் பதவி போனது? 18 பேருக்கு. செப்டம்பர் 18-ஆம் தேதி சபாநாயகர் தனபால் உத்தரவு போட்டார், கடிதம் கொடுத்து ஒரு மாதம்கூட ஆகவில்லை. எதிர்த்து ஓட்டுப் போட்ட 11 பேருக்கு என்ன ஆயிற்று? இடையில், ஆகஸ்ட் 21-ஆம் தேதியே, அணிகள் இணைந்து ஓ.பி.எஸ். துணை முதலமைச்சர் ஆகிவிட்டார். அவர்கள் மீதான புகார் சபாநாயகர் முடிவு செய்வார் என்ற நிலையிலேயே ஆண்டுக்கணக்கில் நின்றது. ஓட்டுப் போட்டவன் துணை முதல்வர், லெட்டர் போட்டவன் வீட்டுக்கு. எழுதப் படிக்கத் தெரிந்ததால் வந்த வினை!

சட்டத்தின் சூட்சுமம் 'தானாக முன்வந்து விலகுதல்' என்ற சொற்களில் இருக்கிறது. ராஜினாமா கொடுத்தால்தான் விலகல் என்று இல்லை, நடத்தையை வைத்தே முடிவு செய்யலாம் என்று 1994-இல் ரவி நாயக் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. யாரோடு போய் யாரைப் பார்த்தீர்கள், யார் பக்கத்தில் நின்று படம் எடுத்தீர்கள் என்பதெல்லாம் சாட்சி. 18 பேர் வழக்கில் 2018 ஜூனில் சென்னை உயர் நீதிமன்றத்தின் இரு நீதிபதிகள் மாறுபட்ட தீர்ப்பு சொன்னார்கள். மூன்றாவது நீதிபதி அக்டோபரில் தகுதி நீக்கம் சரியென்றார். 2019 இடைத்தேர்தல் வரை 18 தொகுதிகளுக்கு எம்.எல்.ஏ. இல்லை. தெருவிளக்கு எரியவில்லை என்று மனு கொடுக்கப் போனவர்கள் பூட்டிய அலுவலகத்தைப் பார்த்துவிட்டுத் திரும்பினார்கள். அதையெல்லாம் இந்தக் கையேட்டில் சேர்ப்பதா என்று யோசித்தேன். மாணவர்களின் கவனம் சிதறும், விட்டுவிடுகிறேன்.

அந்த இடைத்தேர்தலில் தினகரனின் அ.ம.மு.க. ஓரிடத்திலும் ஜெயிக்கவில்லை. 18 பேரில் அப்போது சபைக்குத் திரும்பியவர் செந்தில் பாலாஜி ஒருவர். அவர் முந்தைய டிசம்பரிலேயே தி.மு.க.வுக்குப் போய்ச் சேர்ந்து, அரவக்குறிச்சியில் உதயசூரியனில் நின்றார். 2021-இல் அமைச்சர். கூட்டத்தோடு தாவியவர்கள் விழுந்தபோது தனியாக மறுபடி தாவியவர் எழுந்திருக்கிறார். முதல் பாடத்துக்கு இது முரண் இல்லையா என்று கேட்டால், ஆமாம். இந்தத் தொழிலில் விதிவிலக்குதான் அமைச்சராகும்.

கட்சியே உங்களை நீக்கிவிட்டால் விடுதலை என்று துள்ளிக் குதிக்க வேண்டாம். 1994-இல் அ.தி.மு.க. நீக்கிய எம்.எல்.ஏ.க்கள் இருவர் புதிதாகத் தொடங்கப்பட்ட ம.தி.மு.க.வில் சேர்ந்தார்கள். பதவி போயிற்று. ஜி. விஸ்வநாதன் வழக்கு என்று அதற்குப் பெயர். 1996-இல் உச்ச நீதிமன்றம் சொன்னதன் சாரம்: கட்சி உங்களை நீக்கினாலும் சட்டத்தின் கண்ணில் நீங்கள் அந்தக் கட்சிக்காரர்தான். அடித்துத் துரத்திய புருஷன் வீட்டுக்கே கடைசிவரை விளக்கேற்ற வேண்டும் என்கிற பழைய சினிமா நியாயம்.

ரிசார்ட்டுக்குப் போகும்போது

கூட்டமாகத் தாவ வேண்டும் என்றால் கூட்டம் கலையாமல் இருக்க வேண்டும். அதற்குத்தான் விடுதி. 1995 ஆகஸ்டில் என்.டி.ஆருக்கு எதிராகச் சந்திரபாபு நாயுடு எம்.எல்.ஏ.க்களைத் திரட்டி வைத்தது ஹைதராபாத் வைஸ்ராய் ஹோட்டலில். அடுத்த மாதமே குஜராத்தின் சங்கர்சிங் வகேலா தன் ஆட்களைக் கஜுராஹோவுக்குக் கொண்டுபோனார். போனவர்களுக்கு 'கஜூரியா' என்றும், ஊரிலேயே தலைமைக்குக் கைகட்டி நின்றவர்களுக்கு 'ஹஜூரியா' என்றும் பட்டம் விழுந்தது. 2017-இல் அ.தி.மு.க. எம்.எல்.ஏ.க்கள் தங்கிய நம்முடைய கூவத்தூரைப் பற்றி நான் சொல்லித் தெரிய வேண்டியதில்லை. ஒரு கடற்கரைக் கிராமத்தின் பெயர் ஒரு வினைச்சொல்லாகவே மாறிவிட்டது.

பெட்டியில் என்ன வைப்பது? சர்க்கரை மாத்திரை, பிரஷர் மாத்திரை பதினைந்து நாளுக்கு. ஜன்னலோரம் அறை கிடைத்தால் விடாதீர்கள். கைப்பேசியை வாங்கி வைத்துக்கொள்வார்கள். கிடைத்தாலும் பேச்சைக் குறையுங்கள். 2022 ஜூனில் மகாராஷ்டிர ஆட்சியைக் கவிழ்த்த ஏக்நாத் ஷிண்டேவோடு சூரத் வழியாகக் குவாஹாட்டிக்குப் போன சாங்கோலா எம்.எல்.ஏ. ஷஹாஜி பாட்டீல், ஊரிலிருந்த தொண்டரிடம் போனில் அங்குள்ள மரத்தையும் மலையையும் ஹோட்டலையும் மாய்ந்து மாய்ந்து வர்ணித்தார். அந்த ஒலிப்பதிவு மகாராஷ்டிரம் முழுக்கப் பாட்டாகவே ஓடியது. ஆட்சி கவிழ்ந்ததைவிட அந்தப் பேச்சைத்தான் ஜனம் நினைவில் வைத்திருக்கிறது. 2024-இல் சாங்கோலாவில் அவர் தோற்றார். மலையை ரசியுங்கள் அண்ணே, வாய்க்குள் ரசியுங்கள்.

ராஜினாமா என்னும் சுற்றுவழி

மூன்றில் இரண்டு பங்கு தேறவில்லை, திசையும் சரியில்லை என்றால் கர்நாடக மார்க்கம் இருக்கிறது. பதவியை உதறிவிட்டு, புதுக் கட்சிச் சின்னத்தில் அதே தொகுதியில் நிற்பது. 2019 ஜூலையில் காங்கிரஸ் - ம.ஜ.த. கூட்டணியின் அதிருப்தியாளர்கள் இப்படித்தான் ராஜினாமா கொடுத்துவிட்டு மும்பை போனார்கள். குமாரசாமி அரசு 99-க்கு 105 என்று கவிழ்ந்தது. சபாநாயகர் ரமேஷ் குமார் 17 பேரைத் தகுதி நீக்கி, அந்தச் சட்டசபைக் காலம் முடியும்வரை நிற்கவே கூடாது என்றார். நவம்பரில் உச்ச நீதிமன்றம், நீக்கம் சரி, ஆனால் தேர்தலில் நிற்கலாம் என்றது. டிசம்பரில் இடைத்தேர்தல். பா.ஜ.க. நிறுத்திய 13 தாவல்காரர்களில் 11 பேர் ஜெயித்தார்கள். அவர்களில் பத்துப் பேர் 2020 பிப்ரவரியில் அமைச்சர்கள். தோற்ற எம்.டி.பி. நாகராஜும் வீணாகவில்லை, மேலவைக்குப் போய் அடுத்த ஆண்டு அமைச்சரானார். தோற்றாலும் கிடைக்கும் என்றால் பேரம் சுத்தமாக முடிந்திருக்கிறது என்று பொருள்.

பேரத்தை முன்னாலேயே முடிக்காவிட்டால் என்ன ஆகும் என்பதற்குக் குமரி மாவட்டம் வரை போனால் போதும். விளவங்கோட்டில் காங்கிரஸ் சார்பில் மூன்று முறை ஜெயித்த விஜயதரணி 2024 பிப்ரவரியில் பா.ஜ.க.வில் சேர்ந்து பதவியைத் துறந்தார். கன்னியாகுமரி மக்களவைச் சீட்டு பொன். ராதாகிருஷ்ணனுக்குப் போனது. விளவங்கோடு இடைத்தேர்தல் சீட்டும் வேறொருவருக்கு. ஜெயித்தது காங்கிரஸ். சாப்பாடு என்ன என்று பந்தியில் உட்கார்வதற்கு முன்பே கேட்டுவிட வேண்டும்.

அமைச்சர் பதவியே வேண்டும் என்று அடம்பிடிக்கவும் முடியாது. 2003 திருத்தம் அமைச்சர்களின் எண்ணிக்கையைச் சபை பலத்தில் 15 சதவீதத்துக்குள் கட்டிப்போட்டுவிட்டது. 234 பேர் கொண்ட நம் சபையில் 35 பேருக்குத்தான் இடம். வாரியத் தலைவர் பதவியைக் கேளுங்கள். பெயர் வாயில் நுழையாத வாரியமாக இருந்தால் நல்லது, யாரும் வேலையைப் பற்றி விசாரிக்க மாட்டார்கள்.

என்ன சொல்வது, என்ன உடுத்துவது

காரணங்கள் தயாராகவே கிடைக்கின்றன. 'தொகுதி வளர்ச்சி', 'தொண்டர்கள் விருப்பம்', 'தன்மானம்', 'தாய்க்கழகம்'. புதிதாக எதையும் யோசிக்க வேண்டாம், யோசித்தால் சந்தேகப்படுவார்கள். ஏற்கெனவே சத்தியம் செய்திருந்தால்? அதற்கும் வழி உண்டு. 2022 ஜனவரியில் கோவா காங்கிரஸ் வேட்பாளர்களைக் கோயில், சிலுவைத் தலம், தர்கா என்று மூன்று இடத்துக்கும் கூட்டிப்போய், கட்சி மாற மாட்டோம் என்று சத்தியம் வாங்கினார்கள். செப்டம்பரில் எட்டுப் பேர் போனார்கள். முன்னாள் முதலமைச்சர் திகம்பர் காமத்திடம் சத்தியம் என்னாயிற்று என்று கேட்டபோது, மறுபடி சாமியிடம் போய்க் கேட்டதாகவும் சாமி சம்மதித்ததாகவும் விளக்கினார். பத்தாவது அட்டவணையில் சாமிக்கு இடமில்லை. வாக்காளர் என்ற சொல்லும் அதில் கிடையாது. ஆக, இருவரிடமும் அனுமதி கேட்பது உங்கள் பெருந்தன்மை.

வாக்காளர் கணக்கு தனி. ஆந்திரத்தில் 2014-க்குப் பிறகு ஒய்.எஸ்.ஆர். காங்கிரசின் 23 எம்.எல்.ஏ.க்கள் தெலுங்கு தேசத்துக்குப் போனார்கள். நால்வர் அமைச்சரும் ஆனார்கள். யார் பதவியும் போகவில்லை. 2019 தேர்தலில் தெலுங்கு தேசத்துக்கு மொத்தமாகக் கிடைத்த இடங்கள் 23. தற்செயல்தான். ஆனாலும் இந்தத் தற்செயலை நினைத்தால் எனக்குக் கொஞ்சம் சந்தோஷமாக இருக்கிறது. ஆசிரியர் இப்படிப் பேசக் கூடாது.

கடைசியாக வேட்டி. இடைப்பட்ட நாட்களில், அதாவது பேச்சு நடக்கிறது ஆனால் முடியவில்லை என்கிற அந்த ஒரு வாரம், கரையில்லாத வெள்ளை வேட்டி கட்டுங்கள். கேட்டால் சபரிமலை, ஷீரடி, சித்தப்பா காரியம் என்று எதையாவது சொல்லலாம். சட்டைப் பையில் தலைவர் படம் வைக்கும் வழக்கம் இருந்தால் இப்போதே மெல்லிய துணிச் சட்டையை விட்டுவிட்டுக் கெட்டித் துணிக்கு மாறுங்கள். பழைய தலைவர் உங்கள் பையனுக்கு வைத்த பெயரை மட்டும் ஒன்றும் செய்ய முடியாது. அவன் அந்தப் பெயரோடுதான் புதுக் கட்சி இளைஞரணியில் சேர வேண்டியிருக்கும்.

புதுக் கரை வேட்டி அரை டஜன் வாங்கியதும் பழையதைச் சலவைக்காரரிடம் கொடுத்துவிடாதீர்கள். துவைத்து, மடித்து, பீரோவின் அடித்தட்டில் வையுங்கள். கயா லாலுக்கு அது ஒன்பது மணி நேரத்தில் தேவைப்பட்டது, உங்களுக்கு ஒன்பது மாதம் ஆகலாம். பாச்சை உருண்டை போட மறக்காதீர்கள் அண்ணே.